மூணு கிலோமீட்டர் வட்டம் போட்டால் போதுமா? (ஈரோடு மாவட்டம், கவுந்தப்பாடிப் பக்கம் மளிகைக் கடைக்கு இடம்)

பிப்ரவரி 3, 2026, காலை 10.15 (கேள்வி)

அண்ணா, 1,200 சதுர அடியில் மளிகை டிபார்ட்மெண்ட் ஸ்டோர் போடலாம்னு இருக்கறமுங்க. இரண்டு இடம் கைவசம் இருக்குது. ஒண்ணு கோபி (கோபிசெட்டிபாளையம்) பஸ் ஸ்டாண்டை ஒட்டி, வாடகை 45,000. இன்னொண்ணு கவுந்தப்பாடி நால்ரோட்டிலிருந்து 300 மீட்டர், வாடகை 18,000. மேப்பில் நால்ரோட்டைச் சுத்தி 3 கி.மீ. வட்டம் போட்டுப் பார்த்தேன், உத்தேசமா 25,000 பேர் வர்றாங்க. அதில் பத்தில் ஒருத்தர் நம்ம கடைக்கு வந்தாலே போதும்னு கணக்கு. ஆனா வீட்டில் எல்லாரும் கூட்டம் இருக்கற பஸ் ஸ்டாண்டுதான் நல்லதுங்கறாங்க. எது சரி?

பிப்ரவரி 3, இரவு 9.40 (பதில்)

முதலில் வட்டத்தை அழிச்சிருங்க தம்பி. வட்டம் என்பது காக்கா பறக்கிற தூரம். சாமான் வாங்க வருகிறவர் ரோட்டில் வருகிறார்.

கீழ்பவானி வாய்க்கால் ஓடுகிற ஊர்களில் இது இன்னும் முக்கியம். வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் இருக்கும் தோட்டம் மேப்பில் 900 மீட்டர் என்று காட்டும். பாலம் இரண்டு கிலோமீட்டர் தள்ளி இருந்தால், அந்த வீட்டுக்காரருக்கு உங்கள் கடை நாலு கிலோமீட்டருக்கு மேல். பாலம் இறங்குகிற இடத்தில் ஒரு கடை இருந்தால் அவர் அங்கேயே நின்றுவிடுவார். அந்தத் தோட்டம் உங்கள் வட்டத்துக்குள் இருந்தாலும் உங்கள் கணக்கில் இல்லை.

இரண்டாவது, நம் பக்கம் ஊர் என்றால் ஒரே இடத்தில் நெருங்கிக் கிடப்பதில்லை. ஊருக்குள் நாலு தெரு இருக்கும். மீதிப் பேர் தோட்டத்துச் சாளையில் (தோட்டத்து வீட்டில்) தனித்தனியாக இருப்பார்கள். ஊராட்சிக்கு இத்தனை ஆயிரம் பேர் என்ற எண்ணை ஊர் நடுவில் ஒரு புள்ளியாக வைத்தால் தப்பாகிவிடும். பாதிப் பேர் வேறு ரோட்டில் ஏறி வேறு ஊருக்குப் போகிறவர்களாக இருப்பார்கள்.

செய்ய வேண்டியது: நால்ரோட்டிலிருந்து ஒவ்வொரு ரோட்டிலும் பைக்கில் சாதாரண வேகத்தில் போங்க. 5 நிமிஷம் ஆன இடத்தில் ஒரு புள்ளி, 10 நிமிஷம் ஆன இடத்தில் ஒரு புள்ளி. கிளை ரோடு, வண்டித்தடம் எல்லாவற்றுக்கும் அப்படியே. புள்ளிகளைச் சேர்த்தால் வருவது வட்டமாக இருக்காது, விரித்த கை மாதிரி இருக்கும். தார் ரோடு போன பக்கம் விரல் நீளும், வாய்க்கால் பக்கம் குட்டையாகும். அதுதான் உங்கள் எல்லை.

பிப்ரவரி 4, காலை 7.05

பஸ் ஸ்டாண்டு பற்றி. அங்கே நிற்பவர் பஸ்ஸைப் பார்த்துக்கொண்டு நிற்பவர். அவர் வாங்குவது கையில் பிடிக்கிற சாமான்: தண்ணீர் பாட்டில், பிஸ்கட், பழம், பூ, செல்போன் சார்ஜர். 5 கிலோ துவரம்பருப்பு வாங்க அவர் இறங்குவதில்லை. பேக்கரிக்கும் பழக்கடைக்கும் தங்கமான இடம், மளிகைக்கு அந்த வாடகை தாங்காது. கூட்டத்தை எண்ணாதீங்க, பையோடு திரும்பிப் போகிறவர்களை எண்ணுங்க.

பிப்ரவரி 4, இரவு 10.20

இரண்டு ஊருக்கு நடுவில் எந்த ஊர் யார் பக்கம் சாயும் என்பதற்கு ஒரு பழைய கணக்கு உண்டு. அமெரிக்காவில் வில்லியம் ரெய்லி 1931இல் எழுதிய சில்லறை வணிக ஈர்ப்பு விதி. பெரிய ஊர் தொலைவிலிருந்தும் இழுக்கும், தூரம் கூடக் கூட இழுப்பு வேகமாகக் குறையும் என்பது சாரம். அதை வைத்து பால் கன்வெர்ஸ் 1949இல் எல்லைப்புள்ளிக்கு எளிய சூத்திரம் கொடுத்தார்: பெரிய ஊர் ஜனத்தொகையைச் சின்ன ஊர் ஜனத்தொகையால் வகுத்து, வர்க்கமூலம் எடுத்து, அதோடு 1 கூட்டணும்; இரண்டு ஊருக்கு இடையிலான தூரத்தை அந்த எண்ணால் வகுக்க வேண்டும். வருவது சின்ன ஊரிலிருந்து எல்லை வரை உள்ள தூரம்.

ஈரோட்டுக்கும் கோபிக்கும் சுமார் 35 கி.மீ. 2011 கணக்கெடுப்பில் ஈரோடு நகர்த்தொகுதி 5,21,891, கோபி 59,523. வகுத்தால் 8.77. வர்க்கமூலம் 2.96. 35 ÷ 3.96 = 8.8 கி.மீ. அதாவது கோபியிலிருந்து 9 கி.மீ. தாண்டினால் ஈரோட்டின் இழுப்பு. கவுந்தப்பாடி கோபியிலிருந்து சுமார் 15 கி.மீ., ஆக ஈரோட்டுப் பக்கம்.

பிப்ரவரி 5, காலை 6.30

நேற்று எழுதியதில் ஒரு திருத்தம். நகர்த்தொகுதி என்றால் எந்த ஈரோடு என்று விளக்கவில்லை. 2011 கணக்கெடுப்பில் ஈரோட்டுக்கு 1,57,101 என்ற எண்ணும் உண்டு, அது பழைய நகராட்சி எல்லைக்குள் இருந்தவர்கள் மட்டும். அந்த எண்ணைப் போட்டால் 2.64, வர்க்கமூலம் 1.62, எல்லை கோபியிலிருந்து 13.3 கி.மீ. ஒரே ஊர், ஒரே வருஷம், ஒரே சூத்திரம், எல்லை மட்டும் நாலரை கிலோமீட்டர் நகர்ந்துவிட்டது. சூரம்பட்டி, வீரப்பன்சத்திரம் எல்லாம் சேர்ந்ததுதான் இன்றைய ஈரோடு, அதனால் பெரிய எண்தான் சரி. ஆனால் யாராவது அறிக்கை என்று நீட்டினால் ஜனத்தொகை எந்த எல்லைக்குள் எடுத்தது என்று கேட்காமல் நம்பாதீங்க. திருப்பூருக்கும் இதே சிக்கல். 4,44,352 என்றும் போடுகிறார்கள், 8,77,778 என்றும் போடுகிறார்கள். இரண்டும் 2011தான். முதலாவது விரிவாக்கத்துக்கு முந்தைய எல்லை.

இதைவிட முக்கியமான திருத்தம்: இந்த விதி கல்யாணப் பட்டு, நகை, ஃபிரிட்ஜ் மாதிரி ஊர் விட்டு ஊர் போய் வாங்கும் சாமானுக்குத்தான் பொருந்தும். உப்பு, புளி, மிளகாய்க்கு ஈரோடும் வேண்டாம், கோபியும் வேண்டாம். மளிகைக்கு எல்லையைப் போடுவது பக்கத்து ஊர்க் கடைதான்.

பிப்ரவரி 5, மதியம் 1.10 (பெருந்துறையிலிருந்து ஒரு வாசகர்)

பவானி டவுனை விட்டுட்டீங்களே. அந்தப் பக்கத்துத் தோட்டத்துக்காரர் கோபிக்கும் போகமாட்டார், ஈரோட்டுக்கும் போகமாட்டார். அப்புறம் டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் காசில்லை. எங்கம்மாவே வாரம் இரண்டு தடவை டவுனுக்குப் போய்ட்டு வர்றாங்க. தூரம்ங்கறதே மாறிப் போச்சுங்களே?

பிப்ரவரி 5, இரவு 9.15

இரண்டும் நியாயமான கேள்விங்க. பவானிக்குப் பதில் தனியாக எழுதணும், இரண்டு ஊருக்கு மேல் வந்தால் ரெய்லி கணக்கு நிற்காது.

பஸ் விஷயம் பெரிசு. 2021 மே மாதத்திலிருந்து சாதாரண டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணமில்லை. வணிக எல்லை வரைகிற பழைய சூத்திரங்கள் எல்லாம் தூரத்துக்குச் செலவு உண்டு என்று நம்பி எழுதப்பட்டவை. அந்தச் செலவில் பஸ் காசு விழுந்துவிட்டது, மிச்சம் இருப்பது இரண்டு: நேரம், சுமை.

சுமைதான் உங்கள் கடைக்கு வேலி. 25 கிலோ அரிசிச் சிப்பம், 5 லிட்டர் எண்ணெய் கேன், 10 கிலோ மாட்டுத்தீவனம், இதையெல்லாம் தூக்கிக்கொண்டு டவுன் பஸ்ஸில் ஏற முடியாது. சோப்பு, ஷாம்பு, பவுடர், மசாலா பாக்கெட், குழந்தைக்கு நாப்கின், பிளாஸ்டிக் டப்பா எல்லாம் லேசு, போகிற வழியில் டவுனில் சலுகை விலைக்கு வாங்கி வந்துவிடுவார்கள். ஆக அதே வீட்டின் அதே மாசத்துச் சாமானில் கனமானது உள்ளூரில் நிற்கும், லேசானது பஸ் ஏறும். லாப விகிதம் லேசான சாமானில்தான் அதிகம். அரிசி, எண்ணெயில் நூற்றுக்கு நாலு, அஞ்சு நிற்பதே கஷ்டம். இது தெரியாமல் டவுன் கடை மாதிரி பாதி ரேக் அழகுசாதனம் அடுக்கினால் தூசுதான் படியும். அரிசி மண்டி மாதிரி முன்பக்கம் சிப்பம் அடுக்கி, பைக்கில் கட்டிக்கொடுக்க ஒரு ஆள் வைத்தால் ஓடும்.

பிப்ரவரி 7, காலை 8.00

ஆள் எண்ணுவது எப்படி என்று தனிச்செய்தியில் கேட்டிருந்தீங்க. எல்லாருக்கும் ஆகட்டும் என்று இங்கேயே எழுதுகிறேன்.

கோடு போட்ட நோட்டு, கையில் அழுத்தி எண்ணும் கருவி இரண்டு, கைக்கடிகாரம். கடை வரப்போகும் வாசலில் நின்று 15 நிமிஷம் எண்ணி நாலால் பெருக்கினால் ஒரு மணி நேரத்துக்கு. நேரங்கள்: காலை 7 முதல் 9க்குள் இரண்டு தடவை, 11 மணிக்கு ஒன்று, மாலை 4.30க்கு ஒன்று, 6 முதல் 8.30க்குள் மூன்று. இரண்டு திசையையும் தனித்தனியாக எண்ணணும், சேர்த்து எண்ணினால் அந்த எண்ணுக்கு உபயோகமே இல்லை. நடப்பவர், பைக், கார், ஆட்டோ தனித்தனிப் பத்தி. லாரி, வெளியூர் பஸ்ஸை எண்ண வேண்டாம்.

நாள்: ஒரு சாதாரண செவ்வாய் அல்லது புதன், ஒரு சந்தை நாள், ஒரு சனி, ஒரு ஞாயிறு. இந்த நாலையும் மாசத்தின் முதல் வாரத்தில் ஒரு சுற்று, 22 தேதிக்கு மேல் ஒரு சுற்று. முகூர்த்த நாளில் எண்ணவே கூடாது. தை, வைகாசி முகூர்த்தத்தில் நம் ரோடுகளில் ஓடும் கார் எல்லாம் மண்டபத்துக்குப் போகிற கார்.

இதற்கு மேல் ஒன்று: நால்ரோட்டில் ஏற்கெனவே ஓடும் மளிகைக் கடைக்கு எதிர்ப்பக்கம் டீக்கடையில் உட்கார்ந்து, 6 மணியிலிருந்து 8 மணி வரை பையோடு வெளியே வருகிறவர்களை எண்ணுங்க. சின்னப் பை, பெரிய பை, சிப்பம் என்று மூன்று கோடு. ரோட்டில் போகிற ஆயிரம் பேரைவிட இந்த எண் சொல்வது அதிகம்.

பிப்ரவரி 8, காலை 11.30

இனி காசுக் கணக்கு. மத்திய அரசின் குடும்பச் செலவுக் கணக்கெடுப்பில் (2022-23) தமிழ்நாட்டுக் கிராமத்தில் ஒரு ஆளின் மாதச் செலவு சராசரி 5,310 ரூபாய், நகரத்தில் 7,630. வீட்டுக்கு மூணரை ஆள் என்றால் கிராமத்து வீட்டுக்கு 18,585. இதில் பால், காய், கறி, ஓட்டல், பள்ளி, பெட்ரோல், மருந்து எல்லாம் உண்டு. மளிகைக் கடைக்கு வரக்கூடியது கால்வாசி என்று எடுக்கிறேன்: 4,600. கால்வாசி என்பது என் அனுமானம், நீங்கள் பத்து வீட்டில் மாச மளிகைச் சாமான் சீட்டை வாங்கிப் பார்த்துத் திருத்திக்கலாம்.

ஆயிரம் வீடு என்றால் மாசம் 46 லட்சம். புதுக்கடைக்கு நூற்றுக்கு 15 கிடைத்தால் 6.9 லட்சம். சராசரி லாபம் 12 சதவீதம் என்றால் கைக்கு 82,800. கவுந்தப்பாடி வாடகை 18,000, இரண்டு ஆள் சம்பளம் 28,000, கரண்ட் 8,000, கழிவு, பை, வண்டிக் கூலி 6,000, ஆக 60,000. மிச்சம் 22,800. வட்டி இன்னும் கழிக்கவில்லை.

கோபிக்கு வாடகை 27,000 அதிகம். அந்த 27,000ஐ லாபத்திலிருந்து எடுக்கணும் என்றால் 27,000 ÷ 0.12, மாசம் 2,25,000 கூடுதல் விற்பனை. நாளைக்கு 7,500. சராசரி பில் 250 ரூபாய் என்றால் தினம் 30 பில் அதிகம் போடணும், 30 நாளும். இந்த 30 பேர் யார், எந்தத் தெருவிலிருந்து வருவார்கள் என்று உங்களால் சொல்ல முடிந்தால் கோபியை எடுங்க. அந்தப் பதில் கிடைக்கிற வரைக்கும் அட்வான்ஸ் கொடுக்காதீங்க.

மளிகைக்கு வாடகை விற்பனையில் நூற்றுக்கு மூணு, மிஞ்சினால் நாலுக்குள் இருக்கணும். ஜவுளி, செருப்பு மாதிரி லாபம் பெரிசாக உள்ள சாமானுக்கு எட்டு, பத்து கூடத் தாங்கும். அதனால்தான் கோவை கிராஸ்கட் ரோட்டில் மளிகையைத் தேட வேண்டியிருக்கிறது.

பிப்ரவரி 8, இரவு 10.50

மேலே உள்ளதில் ரேஷனைக் கழிக்க மறந்துவிட்டேன். தமிழ்நாட்டில் துவரம்பருப்பு கிலோ 30க்கும் பாமாயில் லிட்டர் 25க்கும் ரேஷனில் வருகிறது, அரிசி இலவசம். நம் பக்கம் பல வீட்டில் சோற்றுக்குக் கடையில் பொன்னி, இட்லி மாவுக்கு ரேஷன் அரிசி. ஆக அரிசி விற்பனை முழுசாகப் போகாது, ஆனால் இட்லி அரிசியும் ஒரு கிலோ பருப்பும் ஒரு லிட்டர் எண்ணெயும் போய்விடும். 4,600ஐ 4,000 ஆக்குங்க. விற்பனை 6 லட்சம், லாபம் 72,000, மிச்சம் 12,000. ஒரு வீட்டுக்கு 600 ரூபாய் குறைத்ததில் உங்கள் மிச்சம் ஏறக்குறைய பாதியாகிவிட்டது பாருங்க. இந்தத் தொழிலில் நூல் பிசகினால் போச்சு.

வீட்டு எண்ணிக்கைக்கும் ரேஷன் கடைதான் நல்ல வழி. கணக்கெடுப்பு 2011க்குப் பிறகு நடக்கவில்லை, அடுத்தது 2027இல்தான். எந்த ரேஷன் கடையில் எத்தனை கார்டு என்று விசாரித்தால் தெரியும். எந்தத் தெரு, எந்தத் தோட்டம் எந்தக் கடையில் வாங்குகிறது என்பதும் அங்கேயே தெரியும். வாக்காளர் பட்டியலைப் பாகம் வாரியாக எடுத்து வீட்டு எண்களை எண்ணி ஒத்துப் பார்த்தால் இன்னும் உறுதி. வடநாட்டுத் தொழிலாளிகள் பெரும்பாலும் இரண்டிலும் வரமாட்டார்கள், லைன் வீடுகளைத் தனியாக எண்ணிச் சேர்க்கணும்.

பிப்ரவரி 10, இரவு 9.30

பவானி கேள்விக்கு வருகிறேன். 1960களில் டேவிட் ஹஃப் போட்ட வழி இது. ஒரு வீட்டிலிருந்து பார்த்தால் ஒவ்வொரு கடைக்கும் ஒரு மதிப்பெண்: கடை அளவு ÷ தூரத்தின் வர்க்கம். எல்லாக் கடை மதிப்பெண்ணையும் கூட்டி, உங்கள் மதிப்பெண்ணை அதனால் வகுத்தால் அந்த வீடு உங்களிடம் வரும் வாய்ப்பு. எத்தனை ஊர் வேண்டுமானாலும் சேர்க்கலாம்.

நால்ரோட்டிலிருந்து 2 கி.மீ. தள்ளி ஒரு தோட்டம் என்று வைங்க. உங்கள் கடை 1,200 சதுர அடி, 2 கி.மீ.: 300. ஊருக்குள் சின்னக் கடை 300 சதுர அடி, 0.8 கி.மீ.: 469. கோபியில் 4,000 சதுர அடி, 13 கி.மீ.: 24. கூட்டினால் 793. உங்களுக்கு நூற்றுக்கு 38, சின்னக் கடைக்கு 59, கோபிக்கு 3. பவானியையும் இதே மாதிரி ஒரு வரியாகச் சேர்த்துக்கணும், மளிகைக்கு அதுவும் ஒற்றை இலக்கம்தான் வரும்.

இப்போது தூரத்தை வர்க்கம் ஆக்காமல் அப்படியே வகுங்க. 600, 375, 308. உங்களுக்கு 47, சின்னக் கடைக்கு 29, கோபிக்கு 24. சாமான் எதுவோ அதற்கேற்ப தூரத்தின் இந்த அடுக்கு (வர்க்கம் என்றால் இரண்டு, அப்படியே என்றால் ஒன்று) மாறும். தினசரிச் சாமானுக்கு இரண்டு அல்லது அதற்கு மேல், சேலைக்கு ஒன்று பக்கம். கோபிக் கடையின் பங்கு 3இலிருந்து 24க்குப் போனதுதான் ஊருக்குள் ஜவுளிக்கடை நிற்காமல் மளிகைக்கடை நிற்பதன் காரணம்.

பிப்ரவரி 10, இரவு 11.05

நால்ரோட்டில் ஏற்கெனவே இருக்கும் கடையை மேலே சேர்க்கவில்லை, பெரிய தப்பு. 1,000 சதுர அடி, 1.9 கி.மீ. என்று போட்டால் 277. கூட்டுத்தொகை 1,070. உங்கள் 38 அப்படியே 28க்கு இறங்குகிறது. எதிராளியை விட்டுவிட்டுக் கணக்குப் போட்டால் எந்த இடமும் நல்ல இடமாகத்தான் தெரியும்.

சதுர அடியை விடச் சாமான் வகையை எண்ணினால் இன்னும் சரியாக வரும். எதிராளி கடையில் பருப்பில் எத்தனை வகை, எண்ணெயில் எத்தனை கம்பெனி, காய்கறி உண்டா, தவணை நோட்டு உண்டா. தவணை நோட்டு ரொம்ப முக்கியம். பருத்தி, மஞ்சள், கரும்புக் காசு வரும்வரை கடனுக்குக் கொடுக்கும் கடையை விட்டு விவசாயி நகரமாட்டார், உங்கள் கடை ஏசி போட்டிருந்தாலும்.

பிப்ரவரி 12, காலை 9.20 (கேட்டவர்)

அண்ணா, எண்ணிட்டேனுங்க. மாலை 6 முதல் 6.15, கடை வாசல்: பைக் 168, நடப்பவர் 52, கார் 21. சூப்பரா இருக்குது. மூணு ரேஷன் கடை விசாரிச்சேன், என்னோட 10 நிமிஷ எல்லைக்குள்ள மொத்தம் 1,900 கார்டு. அதுல 5 நிமிஷத்துக்குள்ள 900.

பிப்ரவரி 12, மதியம் 2.00

என்றைக்கு எண்ணினீங்க?

பிப்ரவரி 12, மாலை 4.40 (கேட்டவர்)

சந்தை நாளுங்க. திசையும் பிரிக்கலை. திரும்பப் பண்றேன்.

பிப்ரவரி 18, இரவு 8.30 (கேட்டவர்)

சாதாரண புதன், அதே நேரம்: ஈரோட்டுப் பக்கமிருந்து வருவது பைக் 49, போவது 25. நடப்பவர் 11. எதிராளி கடையில் 6 முதல் 8 வரை பை 46, அதில் சிப்பம் 5.

பிப்ரவரி 18, இரவு 10.10

168 இப்போது 74 ஆகிவிட்டது, நல்லவேளை திரும்ப எண்ணினீங்க. சந்தைக் கூட்டத்தை வைத்து ஸ்டாக் எடுத்திருந்தால் ஆறு நாள் அடுக்கி வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கணும்.

49க்கு 25 என்பதுதான் விஷயம். சாயங்காலம் வேலை விட்டு வீடு திரும்புகிற திசை அது. நம் நாட்டில் இடப்பக்கம் ஓட்டுகிறோம், வீடு திரும்புகிறவர் ரோட்டைக் குறுக்கே கடக்காமல் இடப்பக்கமே ஒதுங்கி நிற்பார். காலையில் வேலைக்குப் போகிற அவசரத்தில் யாரும் மளிகை வாங்குவதில்லை. ஆக உங்கள் கடை அந்த 49 பேருக்கு இடப்பக்கமா, வலப்பக்கமா? நால்ரோட்டுக்கு முன்னாடியா, தாண்டியா? சிக்னலோ வேகத்தடையோ தாண்டி உடனே இருந்தால் நல்லது, வண்டி அங்கே மெதுவாகத்தான் வரும். 60 கிலோமீட்டர் வேகத்தில் போகிற இடத்தில் போர்டு பெரிசாக வைத்தும் பிரயோஜனமில்லை. பெருந்துறை சிப்காட் கம்பெனி பஸ் ஆள் இறக்குகிற இடம் எங்கே என்றும் பார்த்து வைங்க.

நடுவில் தடுப்புச்சுவர் உள்ள ரோடு என்றால் எதிர்ப்பக்கம் வேறு ஊர் என்றே எடுத்துக்கணும். கோவை அவிநாசி ரோட்டில் உப்பிலிபாளையத்திலிருந்து கோல்டுவின்ஸ் வரை 10.1 கி.மீ. மேம்பாலம் 2025 அக்டோபரில் திறந்தபோது நீண்டதூர வண்டிகள் மேலே போய்விட்டன. கீழே உள்ள கடைக்கு ரோட்டில் பார்த்து நிறுத்துகிற வாடிக்கையாளர் குறைவார், அக்கம்பக்கத்துக்காரருக்கு வண்டி நிறுத்துவது சுலபமாகும். ஒரே பாலம், பேக்கரிக்கு ஒரு மாதிரி, மளிகைக்கு வேறு மாதிரி.

1,900 கார்டுக்குக் கணக்கு: கிட்ட 900 வீட்டுக்கு 15 சதவீதம், 135 வீடு. தள்ளி 1,000 வீட்டுக்கு 6 சதவீதம், 60 வீடு. மொத்தம் 195 வீட்டுச் செலவு, 4,000 வீதம் 7.8 லட்சம். 12 சதவீதம் 93,600, செலவு 60,000 போக 33,600. முதல் ஆறு மாசம் இதில் பாதிதான் வரும், அதற்குக் கையில் பணம் வைத்துக்கணும். 25,000 பேரில் பத்தில் ஒருத்தர் என்ற முதல் கணக்கு 700 வீடு சொன்னது. இப்போது 195.

பிப்ரவரி 21, காலை 7.45

திருப்பூர்ப் பக்கம் கடை பார்க்கிறவர்கள் இரண்டு பேர் கேட்டிருந்தார்கள். அங்கே நாள் கணக்கே வேறு. பனியன் கம்பெனிகளில் வாரச் சம்பளம், பெரும்பாலும் சனிக்கிழமை. சனி சாயங்காலமும் ஞாயிறும் வாரத்தின் பெரும்பகுதி விற்பனை, புதன் வியாழன் கையில் காசு இருக்காது. எண்ணுவது சனி 6 முதல் 10 வரை, வியாழன் அதே நேரம், இரண்டும் வேண்டும். மாசச் சாமான் கிடையாது, வாரச் சாமான். கால் கிலோ பாக்கெட், 200 மில்லி எண்ணெய் அதிகம் வேண்டும். வடநாட்டுத் தொழிலாளிகள் இருக்கும் காம்பவுண்டு என்றால் கடுகெண்ணெய், ஆட்டா, உருளைக்கிழங்கு இல்லாமல் கடை திறக்க வேண்டாம். தீபாவளிக்கு போனஸ் வாங்கியதும் ஊர் காலி, அடுத்த பத்து நாள் விற்பனையைச் சுழியம் என்றே எழுதி வைங்க. பல்லடம், சோமனூர் தறிப் பக்கமும் வாரக் கூலிதான்.

கீழ்பவானிப் பாசனத்தில் இதுவே பருவமாக வரும். வழக்கமாக ஆகஸ்ட் 15 வாக்கில் தண்ணீர் விடுவார்கள், நெல் அறுப்பு முடிந்து காசு புழங்குவது மார்கழி கடைசி, தை. மஞ்சள் காசு மாசி, பங்குனி. கவுந்தப்பாடியில் நாட்டுச்சர்க்கரை ஏலம் நடக்கிறது, பழனிப் பஞ்சாமிர்தத்துக்கே இங்கிருந்துதான் வாங்குகிறார்கள். ஆலை ஓடுகிற மாசங்களில் ஆலைக்காட்டு ஆட்களுக்கு வாரச் சாமான் போகும். அதைக் கடைக்காரர் கவனிக்கணும்.

பிப்ரவரி 22, இரவு 9.00

பார்க்கிங்கில் நிற்கிற வண்டி எண்ணைப் பார்த்தே வாடிக்கையாளர் எங்கிருந்து வருகிறார் என்று மதிப்பிடலாம். டி.என். 36 கோபி, 33 ஈரோடு கிழக்கு, 86 ஈரோடு மேற்கு, 56 பெருந்துறை, 39 திருப்பூர் வடக்கு. எதிராளி கடை வாசலில் மூணு நாள், நாளைக்கு 50 வண்டி எழுதினால் ஒரு உத்தேசம் கிடைக்கும். உத்தேசம் மட்டும்தான், பழைய வண்டி வாங்கினவர் எண்ணை மாற்றுவதில்லை.

கடை திறந்த பிறகு இதைவிட நல்ல வழி உண்டு. பில் போடும்போது ஊரும் தோட்டமும் ஒரு சொல்லில் கேட்டு எழுதுங்க. "எந்தப் பக்கமுங்க?" என்றால் சந்தோஷமாகச் சொல்வார்கள், போன் நம்பர் கேட்டால்தான் யோசிப்பார்கள். நம் பக்கம் எத்தனையோ புதூர், எத்தனையோ பாளையம், அதனால் பஸ் நிறுத்தம் பெயரையும் சேர்த்து எழுதணும். 300 பில் சேர்ந்ததும் மேப்பில் ஒவ்வொன்றாகக் குத்துங்க. வில்லியம் ஆப்பிள்பாம் என்பவர் அமெரிக்க மளிகைக் கடைகளில் இதைத்தான் செய்தார். கடைக்குக் கிட்டேயிருந்து எண்ணிக்கொண்டே போய், வாடிக்கையாளர்களில் 60 முதல் 70 சதவீதம் சேரும் இடம் வரை முதல் எல்லை. புள்ளியே விழாத ரோடு ஒன்று தெரியும். அங்கே என்ன கடை இருக்கிறது என்று அன்றைக்கே போய்ப் பாருங்க.

பிப்ரவரி 25, காலை 6.50

கட்டடம் பற்றிச் சுருக்கமாக. முன்பு அங்கே இருந்த மூன்று கடைக்காரர்கள் ஏன் காலி செய்தார்கள் என்று அவர்களையே தேடிப் பிடித்துக் கேளுங்க. கட்டட உரிமையாளரின் பதில் வேறாக இருக்கும். மேற்குப் பார்த்த வாசலா? மதியம் 3 முதல் 6 வரை வெயில் உள்ளே பத்தடி வரும், சாக்லேட், நெய், முன்வரிசைப் பாக்கெட் எல்லாம் வீணாகும், ஷட்டருக்கு மேல் சாய்ப்பு இறக்க அனுமதி இருக்கணும். சாக்கடைப் பலகை 407 சரக்கு வண்டி ஏறினால் தாங்குமா? வாசலில் இருபது அடி முகப்பு இருந்தால் எட்டு பைக் நிற்கும், டிரான்ஸ்பார்மர் இருந்தால் அஞ்சு. மூணு படிக்கு மேல் இருந்தால் சிப்பம் தூக்குகிறவரும் வயசானவரும் பக்கத்துக் கடைக்குப் போவார்கள். நெடுஞ்சாலை எல்லைக் கல் எங்கே நிற்கிறது என்று சர்வேயரை வைத்துப் பாருங்க, அகலப்படுத்தினால் முன்பக்கம் எத்தனை அடி போகும் என்று தெரியும்.

கரண்ட் இணைப்பு வணிக இணைப்பா, வீட்டு இணைப்பா என்று அட்டையில் பாருங்க. உரிமையாளர் ஜிஎஸ்டியில் இருந்தால் 18,000க்கு மேல் 18 சதவீதம், 3,240 தனி, அது 60,000 செலவில் இல்லை. ஒப்பந்தத்தை எழுத்தில் போட்டு வாடகை அதிகாரியிடம் பதியணும், 2017 வாடகைச் சட்டம் அப்படித்தான் சொல்கிறது. வருஷத்துக்கு எத்தனை சதவீதம் ஏற்றுவார் என்பதையும், ரோடு வேலை நடந்து வாசல் அடைபட்டால் வாடகை எப்படி என்பதையும் அதிலேயே எழுதுங்க.

பிப்ரவரி 26, இரவு 9.35 (கேட்டவர்)

கடை வலப்பக்கம் வருதுங்க அண்ணா, அந்த 49 பேருக்கு. எதிர்ப்பக்கம் ஒரு இடம் காலியாகுதாம், 22,000 சொல்றாங்க, 1,000 சதுர அடி.

பிப்ரவரி 26, இரவு 10.15

4,000 ÷ 0.12 = 33,300. நாளைக்கு 1,100, நாலைந்து பில். இடப்பக்கம் ஒதுங்குகிற 49 பைக்கில் 15 நிமிஷத்துக்கு ஒன்று நின்றாலே 6 முதல் 8.30க்குள் பத்துப் பில். 200 சதுர அடி குறைவதற்கு அழகுசாதன ரேக்கை விட்டுடுங்க. எட்டு பைக் நிற்குமா என்று மட்டும் டேப் பிடித்து அளந்துட்டு, பேசி முடிச்சுக்கங்க தம்பி.